நாலாவது வரி

கண்ணை மூடிக்கொண்டேன். வேறு என்ன செய்ய. சொட்டு மருந்து விட்ட பிள்ளை, நான் வந்து சொல்லுத வரைக்கும் தொறக்கக் கூடாது தாத்தா என்று சொல்லிவிட்டுப் போய்விட்டாள். தாத்தாவாம். எனக்குப் பேரனும் கிடையாது, பேத்தியும் கிடையாது. ஆஸ்பத்திரிக்குள் வந்துவிட்டால் தலை நரைத்தவன் எல்லாம் தாத்தா. இடது புருவத்துக்கு மேலே ஒரு துண்டு பிளாஸ்திரி ஒட்டியிருக்கிறார்கள். கத்தி வைக்க வேண்டிய கண் இது என்று டாக்டருக்கு அடையாளம். ரோட்டில் தோண்ட வேண்டிய இடத்தைச் சுண்ணாம்பு போட்டுக் காட்டுவோம், அதே கதைதான். மருந்து எரிகிறது. எரிந்து முடித்துவிட்டு மெல்லத் தொண்டையில் கசப்பாக இறங்குகிறது. கண்ணில் விட்டது தொண்டைக்கு எப்படி வந்தது. உள்ளே அதற்கென்று ஒரு சந்து இருக்கும். காலமெல்லாம் நெடுஞ்சாலைத் துறையில் வேலை பார்த்தவனுக்குத் தன் மண்டைக்குள் இருக்கிற சந்து இன்றைக்குத்தான் தெரிகிறது. வடிவு பக்கத்து நாற்காலியில் இருக்கிறாள். பார்க்காமலே தெரியும். மடியில் பை. பைக்குள் என் கண்ணாடி, கைக்கடிகாரம், மோதிரம், அப்புறம் என் போன். ஆபரேஷனுக்குப் போகிறவன் உடம்பில் ஒன்றும் இருக்கக் கூடாதாம், எல்லாவற்றையும் அட்டெண்டரிடம் கொடுத்துவிட வேண்டுமாம். அட்டெண்டர் என்றால் கூட வந்த பெண்டாட்டி. மோதிரம் போகட்டும். கடிகாரமும் போகட்டும். போனைக் கொடுத்திருக்கக் கூடாது. குழலி இன்றைக்குக் கூப்பிடுவாள். என் கவிதைகளை எல்லாம் சேர்த்து ஒரே புத்தகமாகக் கொண்டுவருகிற பிள்ளை. நாளைக்கு மத்தியானத்துக்குள்ள கேப்பேன் ஐயா, அதுக்கு மேல தாங்காது, அச்சுக்குப் போகணும் என்று நேற்றுச் சொன்னாள். நாளைக்குச் சொல்லுதேன் என்று வைத்துவிட்டேன். நாளை என்பது இன்றைக்கு, இந்த ஆபரேஷன் நாள் என்று அப்போது உறைக்கவில்லை. கூப்பிட்டால் வடிவுதான் எடுப்பாள். எடுத்தால் ஸ்பீக்கரில் போடுவாள், அவளுக்கு அப்படித்தான் பேசத் தெரியும். குழலி அந்தக் கேள்வியைக் கேட்பாள். அது வடிவு காதில் விழும். பதில் என்னவாக இருந்தால் என்ன, கேள்வி விழுந்தாலே போதும். அப்புறம் இந்தக் கண்ணைத் திறந்து நான் என்னத்தைப் பார்க்க.

கேள்வி சின்னதுதான். ஒரே ஒரு எழுத்து. நான் கவிஞன். சொல்லிக்கொள்வதில்லை, கேட்டால் மறுப்பதும் இல்லை. ஆறு தொகுப்பு வந்திருக்கிறது. அத்தனையிலும் ஜனங்களுக்குத் தெரிந்தது ஒரே கவிதை. விளக்கு வேண்டாம், துணைக்கு ஆள் வேண்டாம், கையை விடு, வீட்டுக்கு வலி தெரியும். நாலு வரி. முடிந்தது. மற்றதெல்லாம் உழைத்து எழுதியது, சிலது நன்றாகக்கூட இருக்கும், ஒருத்தனும் கேட்கமாட்டான். மேடையில் ஏறினால் இந்த நாலு வரி. காலேஜ் பாடத்தில் இந்த நாலு வரி. நாலாவது வரியை வைத்து ஒரு பேராசிரியர் பக்கம் பக்கமாக எழுதினார். வீடு என்பது சுவரல்ல, உடம்பு. வெளியே திரிகிறவன் திமிராகக் கையை உதறிவிட்டு வருகிறான், அவனுக்குத் தெரியாத வலி அவன் வீட்டுக்குத் தெரிகிறது. இப்படிப் போகிறது. நல்லாத்தான் எழுதியிருந்தார். முதல் பக்கத்தோடு மூடிவிட்டேன். ஏனென்றால் நான் சொன்ன வரி அது இல்லை. நான் சொன்னது, வீட்டுக்கு வழி தெரியும். எனக்கு என் வீட்டுக்குப் போக வழி தெரியும், நீ ஒன்றும் கூட வரவேண்டாம். அவ்வளவுதான். இளவட்ட ரோடு இன்ஸ்பெக்டர் ஒருத்தனின் கொழுப்பு. கவிதையே இல்லை, லாரிக்குப் பின்னால் எழுதலாம். அதை வலி ஆக்கியது என் நாக்கு. எங்கள் பக்கத்து நாக்குக்கு ழ வராது. வாளைப்பளம். கோளி. மளை. தமிழில் எழுதிப் பேர் வாங்கினவனுக்குத் தமிள் என்றுதான் வரும். ஒரு காலேஜ் விழாவில் தமிள் வாள்க என்று முடித்தேன், பின்வரிசைப் பையன்கள் கையில் வாளைப் பிடித்து வீசுகிற மாதிரி வீசிக் காட்டினார்கள். சிரிக்கட்டும். வடிவு மாயவரத்துக்காரி. ழ அவள் வாயில் வெண்ணெய் மாதிரி வரும். கல்யாணமான புதிதில் எனக்குச் சொல்லிக்கொடுக்கப் பார்த்தாள். நாக்கை மடிங்க, மேல ஒட்டாம அப்படியே உள்ள இழுங்க என்றாள். இளுக்கேன் என்றேன். அன்றைக்கு அவள் சிரித்த சிரிப்பில் பக்கத்து வீட்டுக்காரி எட்டிப் பார்த்தாள். அதோடு பாடம் முடிந்தது. நன்றாகச் சிரிப்பாள் அப்போது.

அண்ணாச்சிக்கு எந்தக் கண்ணு என்று என் மறுபக்கத்திலிருந்து ஒரு குரல். கண்ணை மூடிக்கொண்டிருக்கிறவனிடம் எல்லோருக்கும் பேசத் தோன்றும் போல. இடது என்றேன். எனக்கு வலது, ரெண்டு பேரையும் சேத்தா ஒரு முழு ஆளு என்று அந்த ஆளே சொல்லி அந்த ஆளே சிரித்துக்கொண்டார். பக்கத்தில் வெற்றிலை வாசனை. அண்ணாச்சிக்கு என்ன உத்தியோகம்? ரோடு என்றேன். ரோடா, அப்ப சங்கரன்கோவில் ரோட்டைப் போட்ட மகராசன் நீருதானா, என் இடுப்பு அதுல போச்சுவே என்றார். வடிவு சிரிப்பது கேட்டது. அவரு கவிதையும் எழுதுவாரு என்றாள். இவளை யார் கேட்டது. கவிதையா, எங்க பேத்திக்குத் தையில கல்யாணம், பத்திரிகையில போட நாலு வரி எழுதித் தாருமே என்றார். எல்லோருக்கும் என்னிடம் நாலு வரிதான் வேண்டும். பாப்போம் என்றேன். பார்க்கிறது எங்கே, ரெண்டு பேரும் கண்ணை மூடியில்லா இருக்கோம் என்றார். சரியான ஆள். மாட்டிக்கொண்டால் விடமாட்டார். போன் அடித்தது. முருகன் பாட்டு. என் போனில் பாட்டு கிடையாது, பழைய மணிதான். ஏ, நான் ஆஸ்பத்திரில இருக்கேன், அப்புறமாப் பேசு, வையி என்று பக்கத்து அண்ணாச்சி கத்தினார். அவர் போனை மட்டும் அவரிடமே விட்டிருக்கிறார்கள். கேட்டால் மறைத்து வைத்தேன் என்பார். மறுபடி அந்தச் சொட்டு மருந்துப் பிள்ளை வந்தாள், இமையைப் பிரித்தாள், இன்னொரு சொட்டு. இன்னும் கொஞ்ச நேரம் தாத்தா, பாப்பா நல்லா விரியணும். பாப்பாவா? கண்ணுக்குள்ள இருக்கிற பாப்பா தாத்தா என்றாள். கண்ணுக்குள் ஒரு பாப்பா. நம்மிடம் எத்தனை சொல் இப்படி நிற்கிறது, ஆள் பார்த்துக் குத்துவதற்கென்றே. வடிவுக்கும் கேட்டிருக்கும். அவளுக்கு எல்லாம் கேட்கும். நாற்காலிக் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டேன். இரும்பு. குளிர்ச்சியாக இருக்கிறது. பயமா என்றாள். எனக்கா என்றேன். கை வேர்க்குதே என்றாள். ஏசி சரியில்லை என்றேன். பயம்தான். கத்திக்கு இல்லை. கத்தி டாக்டர் பாடு.

அப்போது வடிவுக்கு ஆறாம் மாசம். பிள்ளை தங்கவில்லை. நான் கயத்தாற்றுப் பக்கம் தார் போட்டுக்கொண்டிருந்தேன், ஆள் வந்து சொன்னான், வந்தேன். வந்து சேர்ந்தபோது எல்லாம் முடிந்து சுவரைப் பார்த்துப் படுத்திருந்தாள். சாப்ட்டியா என்றேன். அதற்கு மேல் எனக்கு ஒன்றும் வரவில்லை. என் நாக்குக்கு ழ மட்டுமா வராது. அவளும் அழவில்லை. அழுதிருந்தால் ஏதாவது செய்திருப்பேன், தண்ணீராவது கொண்டுவந்து கொடுத்திருப்பேன். வீட்டுக்கு வந்தோம். சமைத்தாள், துணி காயப்போட்டாள், லீவு முடிந்து தாலுகா ஆபீசுக்கு டைப் அடிக்கப் போனாள், வந்தாள். பேச்சு மட்டும் நின்றுபோனது. சண்டை இல்லை. பைப்பில் தண்ணீர் நின்றுபோகிற மாதிரி. திறந்தால் காற்று வரும். நானும் விடிந்தால் ரோட்டுக்கு ஓடிவிடுவேன். ரோட்டில் ஆளைத் திட்டலாம், ஜல்லியைத் திட்டலாம். அப்படி இருக்கையில்தான் சைக்கிளோடு பள்ளத்தில் விழுந்து வலது கையில் மாவுக்கட்டு. நான் தோண்டச் சொன்ன பள்ளம்தான். கோவில்பட்டியில் ஒருத்தர் சிறுபத்திரிகை நடத்தினார், கவிதை அனுப்பு அனுப்பு என்று கார்டு போட்டுக்கொண்டே இருந்தார். எழுதக் கை இல்லை. வடிவிடம் டைப் மிஷின் இருந்தது. சீதனமாக வந்த மிஷின். அவள் அப்பா, பாத்திரம் பண்டம் கேட்டால் தருகிறேன், கேட்காவிட்டால் அவள் தொழிலைத் தருகிறேன் என்று கல்யாண வேனில் ஏற்றிவிட்டார். தமிழ் டைப் ஹையர் பரீட்சையில் முதல் வகுப்பு. அவள் அடித்த தாளில் பிழை இருந்து எவனும் பார்த்ததில்லை. தாசில்தார் தப்பும் தவறுமாக எழுதிக் கொடுப்பார், இவள் அடித்துக் கொடுக்கிறபோது சரியாக இருக்கும், அவர் தான் எழுதியதே அதுதான் என்று கையெழுத்துப் போடுவார். அப்படிப்பட்டவள். ஞாயிற்றுக்கிழமை மத்தியானம். சன்னல் வழியாக வெயில் மிஷின் மேல் விழுந்து கிடந்தது. நான் கட்டிலில் கால் நீட்டிக்கொண்டு, அடிக்கிறியா என்றேன். தாளைச் சொருகினாள். சொல்லுங்க என்றாள். அந்த வாரத்தில் அவள் என்னிடம் பேசிய முதல் சொல் அதுவாகத்தான் இருக்கும். விளக்கு வேண்டாம். அடித்தாள். துணைக்கு ஆள் வேண்டாம். அடித்தாள். கையை விடு. மணி அடித்ததா இல்லையா, மிஷினில் வரி முடிந்தால் ஒரு மணி அடிக்கும், சின்ன வரிக்கு அடிக்காது. வீட்டுக்கு வளி தெரியும். சத்தம் நின்றுபோனது. ஏட்டி, அடிச்சியா என்றேன். இருங்க என்றாள். வெளியே எவனோ பாத்திரத்துக்கு ஈயம் பூசணுமா என்று கத்திக்கொண்டு போனான். அந்தக் குரல் தெருக்கோடி வரைக்கும் போய்த் தேய்ந்த பிறகுதான் அடித்தாள். ஒவ்வொரு எழுத்தாக. அவள் அவ்வளவு மெல்ல அடித்து நான் கேட்டதில்லை. உருளையைத் திருகித் தாளை உருவி என் இடது கையில் கொடுத்தாள். சரியா இருக்கா, பாருங்க. பார்த்தேன். வலி என்று இருந்தது. என்னத்தட்டி அடிச்சு வச்சிருக்கே என்று பல் வரைக்கும் வந்துவிட்டது. நிமிர்ந்தேன். அவள் கண்ணிலிருந்து தண்ணீர் ஓடிக்கொண்டிருந்தது. ஆஸ்பத்திரியில் அழாதவள். முகம் அப்படியே இருந்தது, தண்ணீர் மட்டும் அது பாட்டுக்கு ஓடியது. துடைக்கவில்லை. என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். மறுபடியும் தாளைப் பார்த்தேன். வீட்டுக்கு வலி தெரியும். வீட்டைப் பார்த்தேன். கொடியில் அவள் சேலை. மூலையில் அவள் அம்மா முன்கூட்டியே தைத்து அனுப்பிய சின்ன மெத்தை, சுருட்டி வைத்தது, அத்தனை நாளாக அது அங்கே இருந்திருக்கிறது, நான் பார்க்கவில்லை. வீட்டுக்குத் தெரிந்திருக்கிறது. சரியாத்தான் இருக்கு என்றேன். மூக்கை உறிஞ்சிக்கொண்டு எழுந்து போனாள். அடுப்படியிலிருந்து கேட்டாள், மோர் ஊத்தவா, ரசம் ஊத்தவா. மோர் என்றேன். பைப்பில் தண்ணீர் வந்துவிட்டது.

அவள் வாழ்நாளில் அடித்த ஒரே பிழை. அதில்தான் என் பிழைப்பு ஓடுகிறது. அவள் என்ன நினைத்திருப்பாள். இந்த மனுஷன் வாயால் ஒன்றும் சொல்லாவிட்டாலும் உள்ளுக்குள் பார்த்துக்கொண்டுதான் இருந்திருக்கிறான், எனக்காக எழுதியிருக்கிறான். அப்படித்தான் நினைத்திருப்பாள். அந்த நினைப்பில்தான் இத்தனை காலம் என்னோடு இருந்திருக்கிறாள். வேறு எதற்காக இருக்க. என் வாய்க்கும் என் கோபத்துக்கும் வேறொருத்தி என்றால் மாயவரம் பஸ்ஸைப் பார்த்திருப்பாள். அவள் எனக்கு ஒரு எழுத்தைக் கொடுத்தாள், தெரியாமல் கொடுத்தாள், நான் வாங்கிப் பைக்குள் போட்டுக்கொண்டேன். அது என்னவெல்லாம் செய்தது. ஒருநாள் சிவகிரியிலிருந்து ஒரு ஆள் வந்தார். கைலி, மேலே துண்டு, உரக்கடையில் மூட்டை தூக்குகிறவராம். உட்காரச் சொன்னேன். உட்கார்ந்தார். என்ன விஷயம் என்றேன், எரிச்சலாகத்தான் கேட்டேன், மத்தியானத் தூக்கம் கெட்டுப்போன எரிச்சல். வடிவு தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தாள், குடித்தார். சுவரைப் பார்த்தார், கூரையைப் பார்த்தார். எங்க வீட்டுக்கும் தெரியும் ஐயா என்றார். எழுந்து கும்பிட்டுவிட்டுப் போய்விட்டார். அவ்வளவுதான் அவர் வந்த வேலை. அதற்கு எத்தனை பஸ் மாறி வந்தாரோ. என் கைக்கு ஒரு விருதும் அவ்வளவு கனமாக வந்ததில்லை. கும்பிடு எனக்கு விழுந்தது, விழவேண்டிய ஆள் காலி டம்ளரை எடுத்துக்கொண்டு உள்ளே போய்க்கொண்டிருந்தாள். நன்றி என்று ஒரு சொல் இருக்கிறது. கூட்டத்தில் கடைசியாக ஒருத்தன் எழுந்து அதைச் சொல்வான், அதற்குள் பாதிப்பேர் செருப்பைத் தேடிக்கொண்டிருப்பார்கள். வீட்டில் எவன் சொல்லுகிறான். சோறு போட்டவளிடம் சொன்னால் நெற்றியைத் தொட்டுப் பார்ப்பாள், காய்ச்சலா என்று. எத்தனையோ தடவை வாய் வரைக்கும் வந்திருக்கிறது. அவள் வெங்காயம் உரிக்கிறபோது, பஸ்ஸில் தூங்கி என் தோளில் விழுகிறபோது. சொன்னால் எதற்கு என்பாள். எதற்கு என்று சொன்னால் எல்லாம் போய்விடும். உனக்காக எழுதவில்லை, உன் பிழைக்கு நன்றி. இதைச் சொல்ல எந்த மடையனுக்கு வாய் வரும். இப்படியே போய்விடும் என்றுதான் இருந்தேன். அந்தப் பாழாய்ப்போன ரேடியோதான் கெடுத்தது. ஒரு தடவை கூப்பிட்டு வாசிக்கச் சொன்னார்கள். புத்தகத்தை எடுத்துப் போகவில்லை, என் நாலு வரிக்குப் புத்தகம் எதற்கு என்ற நினைப்பு. சிவப்பு விளக்கு எரிந்தது, உள்ளே காற்றே இல்லாத அறை, நாக்கு வறண்டுபோய், பழைய தடத்தில் போய்விட்டது. வீட்டுக்கு வளி தெரியும். வெளியே வந்து டீக்கடையில் நிற்கிறபோதுதான் உறைத்தது. எனக்கு ழ வராதே தவிர ல நன்றாக வரும். வலியை வலி என்றுதான் சொல்வேன், வளி என்றால் அது வழிதான். வடிவு வீட்டில் ரேடியோ முன்னால் உட்கார்ந்து கேட்டிருக்கிறாள். பயந்துகொண்டே படியேறினேன். எப்படி இருந்துச்சு என்றேன். நல்லா இருந்துச்சு, குரல்தான் கொஞ்சம் சளி பிடிச்ச மாதிரி என்றாள். கவனிக்கவில்லை, பிழைத்தேன் என்று இருந்தேன். காற்றில் போனது போனதுதானே. போகவில்லை. எவனோ ஒரு புண்ணியவான் அதைப் பதிவு செய்து வைத்திருந்திருக்கிறான், இப்போது இன்டர்நெட்டில் போட்டிருக்கிறான், குழலி கேட்டிருக்கிறாள். என் ஊர்ப் பக்கத்துப் பிள்ளை அவள். வேறு ஊர்க்காரி என்றால் அவளுக்கு இது காதில் விழுந்தே இருக்காது.

மணி அடித்தது. பழைய மணி. என் போன். பையின் ஜிப் திறக்கிறது. எடுக்காதே என்று சொல்லலாம். சொன்னால் ஏன் என்பாள். இங்க கொண்டா என்று கையை நீட்டினேன், கை எதிலோ இடித்தது, தண்ணீர் பாட்டில் உருண்டது. கண்ண மூடிட்டு எங்க பாயுறீங்க என்றாள். அதற்குள் எடுத்துவிட்டாள். ஸ்பீக்கர். அம்மா, நான் குழலி பேசுறேன், ஐயா இருக்காங்களா? இருக்காரும்மா, சொட்டு விட்டிருக்கு, கண்ணை மூடிக்கிட்டு முனிவராட்டம் உக்காந்திருக்காரு, நீ சொல்லு. நான் பேசுதேன் என்றேன். குரல் எனக்கே கேட்கவில்லை. ஒரே ஒரு சந்தேகம்மா, அந்த நாலு வரிக் கவிதை இருக்கில்ல. ஐயா ரேடியோவுல வாசிச்சது கிடைச்சுது. அதுல கடைசி வரியை வளின்னு சொல்றாங்க. ஐயாவுக்கு ழ வராது, ஆனா ல வருமே. அப்ப ஐயா எழுதினது வலியா, வழியா? வழின்னா நான் திருத்தணும், இல்ல அடியிலயாவது ஒரு குறிப்புப் போடணும். கெட்டிக்காரப் பிள்ளை. நாசமாய்ப் போக. நல்லா இருக்கட்டும். கண்ணுக்குள் சிவப்பாக என்னவோ மிதக்கிறது. மருந்தா, ரத்தமா. தொண்டையில் அந்தக் கசப்பு. வடிவு மூச்சு விடுவது கேட்கிறது. அந்த ஞாயிற்றுக்கிழமை ஈயக்காரன் மறுபடி தெருவில் போய்க்கொண்டிருக்கிறான், இன்னும் தெருக்கோடிக்குப் போகவில்லை, போய்க்கொண்டே இருக்கிறான். சொல்லிவிட்டாள். வலிதாம்மா. நான்தான டைப் அடிச்சேன், எனக்குத் தெரியாதா. அப்படியே போடு. சரிம்மா, ரொம்ப நன்றிம்மா என்றாள் குழலி. எவ்வளவு சுளுவாக வருகிறது அந்தப் பிள்ளைகளுக்கு. ஜிப் மூடுகிற சத்தம். குனிந்து பாட்டிலை எடுத்தாள். நான் காத்திருந்தேன். என்னங்க அது வழி என்று கேட்பாள். கேட்கவில்லை. அழுகிறாளா. கண்ணைத் திறந்தால் பார்க்கலாம். திறக்கக் கூடாது. திறந்தாலும் தெரியாது. அண்ணாச்சிதான் பேசினார். வலியா இருந்தா டாக்டர்ட்ட சொல்லிருங்க தாயி, இவுக மறைப்பாக, நம்ம ஆம்பளைக புத்தி அது. சொல்றேன் அண்ணாச்சி என்றாள் வடிவு. குரலில் ஈரம் இல்லை. சிரிப்பு மாதிரிகூட இருந்தது. இவளுக்கு ஒன்றும் புரியவில்லையா, இல்லை எல்லாம் புரிந்துவிட்டதா.

பால்வண்ணன் தாத்தா, வாங்க, உங்க முறை. அந்தப் பிள்ளைதான். எழுந்தேன். இப்ப தொறக்கலாம் என்றாள். திறந்தேன். ஒன்றும் ஒன்றாக இல்லை. கண்ணாடி வடிவு பையில், அது இல்லாமல் வலது கண்ணும் உதவாது. டியூப்லைட் எல்லாம் பஞ்சாகக் கிழிந்து தொங்குகிறது. தரை எங்கே முடிகிறது, சுவர் எங்கே ஆரம்பிக்கிறது, தெரியவில்லை. பச்சையாக ஒன்று நிற்கிறது, அது சிஸ்டர். மஞ்சளாக ஒன்று, அது வடிவின் சேலை. கால் எடுத்து வைக்கத் தைரியம் வரவில்லை. இந்த ஜில்லாவில் எந்த ரோடு எங்கே திரும்புகிறது என்று என்னிடம் கேட்டுவிட்டுத்தான் மேப் போட்டார்கள். மஞ்சளைப் பார்த்துக் கையை நீட்டினேன். பிடி என்றேன். ஏன், உங்களுக்குத்தான் வளி தெரியுமே என்றாள். நின்றுவிட்டேன். வளி. மாயவரத்து நாக்கு. ழ வெண்ணெயாக வருகிற நாக்கு, ள சொல்லுகிறது. என் ள. சொல்லிவிட்டு வந்து கையைப் பிடித்துக்கொண்டாள். நடந்தோம். அப்பவே கேட்டுச்சாட்டி என்றேன். எனக்குக் காது நல்லாத்தான் கேட்டுச்சு, இப்பவும் கேக்குது என்றாள். அப்ப ஏன் அப்படி அடிச்சே? படி இருக்கு, பாத்து. ஏறினேன். ஏன்னு கேட்டேன். தாசில்தாருக்கு ஏன் திருத்தி அடிச்சேன், அதே மாதிரிதான் என்றாள். கொஞ்ச தூரம் போனோம். அவள் செருப்பு தேய்கிற சத்தம், எனக்குத் தெரிந்த சத்தம். குடுத்துட்டுப் பாத்துக்கிட்டே நின்னேன், திருத்துவீங்களான்னு என்றாள். திருத்தியிருந்தா? அன்னிக்குச் சாயங்காலம் மாயவரத்துக்கு ஒரு பஸ் இருந்துச்சு என்றாள். விளையாட்டுக்குச் சொல்லுகிறாளா என்று முகத்தைப் பார்த்தேன். மஞ்சளும் வெளுப்புமாக ஒரு புகைதான் தெரிந்தது. நான் திருத்தலை என்றேன். ஆமா, திருத்தலை என்றாள். என் விரல்களுக்குள் அவள் விரல்கள். சூடாக, சொரசொரப்பாக, டைப் அடித்து அடித்து நுனி தட்டையாகப்போன விரல்கள். எத்தனை காலமாக நான் ஒரு பொய்யைக் காவல் காத்துக்கொண்டிருந்தேன், அது பொய்யே இல்லை. அவள் ஒரு கேள்வி கேட்டிருக்கிறாள். தாளில் அடித்துக் கேட்டிருக்கிறாள். நான் பதில் சொல்லியிருக்கிறேன், சொல்லுகிறேன் என்று தெரியாமலே. என்னைப்போல ஒரு மடையனுக்கு அந்த ஒரு மத்தியானம் சரியான பதில் வந்திருக்கிறது. யாருக்கு நன்றி சொல்ல. மாவுக்கட்டுக்கா. ஈயக்காரனுக்கா. வடிவு என்றேன். என்ன என்றாள். ஒண்ணுமில்லை என்றேன். நெத்தி சுடுதா என்று தொட்டுப் பார்த்தாள். சுடவில்லை. கதவு வந்துவிட்டது போல, குளிர் காற்று முகத்தில் அடித்தது, டெட்டால் வாசனை. இதுக்கு மேல அட்டெண்டர் வரக்கூடாதும்மா என்றது பச்சை. தாத்தா, அம்மா கையை விடுங்க, நாங்க கூட்டிட்டுப் போறோம். கையை விடு. மூணாவது வரி. அது முழுக்க என்னுது, ஒரு எழுத்து அவள் தொடவில்லை. விடுங்க தாத்தா, டாக்டர் காத்திட்டிருக்காரு. இரும்மா என்றேன். விடவில்லை. குழலிக்குப் போன் போடச் சொல்லணும். பிழை இருக்கத்தான் செய்கிறது, ஆனால் நாலாவது வரியில் இல்லை.